‘ரிசானா’ என்றால் என்ன அர்த்தம்?

போன மாதம் ஒரு சனிக்கிழமை, லிங்கநகரில் நாங்கள் வழக்கமாகக் கூடுகிற வீட்டு விறாந்தையில் ஐந்து பேர் ஒரு போனைச் சுற்றிக் குந்தியிருந்தோம். கூடினது ஒரு படத்துக்கு விமர்சனம் எழுத. ஆனால் அன்று விடியக்காலை எங்களில் ஒருத்தியின் ராத்தாவுக்குப் பெண்பிள்ளை பிறந்திருந்தது. ஏழாம் நாளுக்குள் பெயர் வைக்க வேணும், நீங்கள் கெம்பஸ் படிக்கிற ஆக்கள்தானே, நல்ல பெயராப் பார்த்துச் சொல்லுங்கோ என்று வீட்டிலிருந்து கட்டளை. கலைப்பீடத்துக்காரரிடம் வேறு எதற்கும் ஆரும் ஆலோசனை கேட்பதில்லை. இதையாவது ஒழுங்காகச் செய்வம் என்று இறங்கினோம்.

‘பெண் குழந்தைகளுக்கான அரபுப் பெயர்கள், அர்த்தத்துடன்’ என்று தேடினால் கொட்டுது. இடப்பக்கம் பெயர், வலப்பக்கம் அர்த்தம். முக்கால்வாசிப் பெயருக்கு அர்த்தம் ‘அழகானவள்’, இல்லாட்டி ‘இளவரசி’, இல்லாட்டி ‘சுவனத்துப் பூ’. அரபு பேசின மக்கள் ஆயிரத்துச் சொச்சம் வருசமாக வேறு ஒன்றையும் யோசிக்கவே இல்லையோ என்று நினைக்க வைக்கிற பட்டியல்கள். உருட்டிக்கொண்டு போக, ‘ரிசானா’ வந்தது. ஒரு பட்டியலில் இளவரசி, அடுத்ததில் திருப்தி, மூன்றாவதில் திரும்பவும் அழகு. சத்தம் வடிவாக இருக்கு, கூப்பிட லேசு என்று எங்களில் இரண்டு பேர் கையைத் தூக்கிவிட்டார்கள். கிண்ணியாவில் இருந்த மூத்தம்மா ஸ்பீக்கரில் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டுதான் இருந்தா.

“அந்தப் பேரு வாணா புள்ள. அது மூதூர்ப் புள்ளைட பேரு.”

அதுக்குப் பிறகு விறாந்தையில் கொஞ்ச நேரம் ஒருத்தரும் கதைக்கவில்லை.

இதை எழுதுவது மூத்தம்மாவோடு சண்டை பிடிக்க இல்லை. அன்றைக்கு அந்தப் பெயருக்குச் சரியான அர்த்தம் சொன்ன ஒரே ஆள் அவதான். எங்கட சண்டை அந்தப் பட்டியல்களோடு. அதைவிடக் கூடுதலாக, அந்தப் பட்டியல்களை நம்புகிற, நம்பாத, இரண்டு விதமான எங்கட ஆக்களோடும்.

முதலில் சொல்லைப் பார்ப்போம். அரபியில் பெரும்பாலான சொற்கள் மூன்று மெய்யெழுத்து வேரில் இருந்து முளைக்கும். ரா, ஸாய், நூன் என்ற வேருக்கு அடியில் இருப்பது பாரம். ஒரு பொருளைக் கையில் தூக்கி, எவ்வளவு நிறை இருக்கும் என்று மட்டுக்கட்டிப் பார்க்கிற செயலுக்கு அந்த வேரில் ஒரு வினைச்சொல் இருக்கு. சந்தையில் பூசணிக்காய் வாங்குகிற ஆள் செய்கிற வேலை. அதிலிருந்து ‘ரஸீன்’: பாரமானது, லேசில் அசையாதது. அதிலிருந்து ‘ரஸானா’: நிதானம், கனம், பதறாத தன்மை. அப்படிப்பட்ட பெண்ணுக்கு ‘ரஸான்’ என்றே ஒரு தனிச்சொல் அரபியில் உண்டு. தமிழுக்கும் இது புதிசில்லை. நிறையைச் சொல்கிற ‘கனம்’ என்ற சொல்லைத்தானே நாங்களும் மரியாதைக்குப் பாவிக்கிறோம்? ‘கனவான்’ என்கிறோம், பழைய படங்களில் ‘கனம் கோட்டார் அவர்களே’ என்கிறார்கள். ரிசானா என்ற பெயரை இந்த வேரில் வைத்துப் பார்த்தால் அர்த்தம் ‘கனமானவள்’. இளவரசியும் இல்லை, பூவும் இல்லை.

நபித்தோழரும் கவிஞருமான ஹஸ்ஸான் இப்னு தாபித், ஆயிஷாவைப் பற்றிப் பாடின புகழ்பெற்ற கவிதையில் ‘ரஸான்’ என்ற சொல் வருகிறது. ஆயிஷா மீது அவதூறு சுமத்தப்பட்டு, பிறகு அது பொய் என்று ஆனதன் பின்னால் வந்த கவிதை அது. பழிசுமத்த இடமில்லாத பெண் என்று சொல்ல வந்த இடத்தில் கவிஞர் எடுத்த சொல் இது. இந்த இடத்தை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கோ, பிறகு தேவைப்படும்.

‘திருப்தி’ என்று போட்ட பட்டியல்காரர் முழுப்பொய் சொல்லவில்லை. அவர் பெயரை வேறு வேரோடு சேர்த்துவிட்டார்: ரிழா, ரிழ்வான் என்ற சொற்களின் வேர். திருப்தி, பொருத்தம் என்ற பொருள் அங்கேதான் இருக்கு. இந்தக் குழப்பம் எப்படி வந்தது என்பதுதான் எங்களுக்கு மொத்தக் கதையிலும் பிடித்த பகுதி. ரிழ்வானில் இருக்கிற எழுத்து அரபியின் ‘ழாத்’. பாரசீகத்திலும் உருதுவிலும் அதை ‘ஸ’ மாதிரி உச்சரிப்பார்கள். அதனால் அங்கே அது ரிஸ்வான் ஆயிற்று. அதே காரணத்தால்தான் ரமழான் அங்கே ரம்ஸான் ஆகி, தமிழ்நாட்டில் ரம்ஜான் என்று நுழைந்தது. ஆனால் இலங்கையில் எங்கட முஸ்லிம்கள் அந்த எழுத்துக்கு என்ன போட்டார்கள்? ழகரம். ரமழான், வுழூ, ரிழ்வான். அரபுக்காரர் தங்கட மொழியை ‘லுகத்துல் ழாத்’, அதாவது ழாத்தின் மொழி என்று பெருமையாகச் சொல்லுவார்கள். வேறு எவருக்கும் இந்த எழுத்து வாய்க்காது என்பது அவர்கட எண்ணம். நாங்கள் ழகரத்துக்கு அதே பெருமையைப் பேசிப் பட்டிமன்றம் நடத்துகிறோம். இரண்டு பெருமையையும் எடுத்து ஒன்றின் மேல் ஒன்றை வைத்தது ஆர்? காயல்பட்டினத்திலும் கீழக்கரையிலும் காத்தான்குடியிலும் மூதூரிலும் தமிழ் பேசின முஸ்லிம்கள். இந்த ஆக்களைப் பார்த்துத்தான் ‘அரபுப் பெயர், அந்நியப் பெயர்’ என்று சொல்கிறார்கள். இதுக்குப் பிறகு வருகிறோம்.

இன்னொன்றும் இருக்கு. ரிசானா, ரிஸ்னா, ரிஸ்மியா, ரிப்னா என்று எங்கட பக்கத்துப் பெயர்களைக் கூப்பிட்டுப் பாருங்கோ. அண்ணன் ரிசான் என்றால் தங்கச்சி ரிசானா. ஒரு வீட்டுப் பிள்ளைகளின் பெயர்கள் எதுகை மோனையோடு வரவேண்டும் என்பது இங்கே உம்மா, வாப்பாமார் எழுதாமல் வைத்திருக்கிற யாப்பிலக்கணம். மண் அரபு மண்தான். பானை வனைந்த கை இந்தக் கரையில் இருக்கிற கை. ‘ரஸானா’வின் முதல் எழுத்தை ‘ரி’ ஆக்கினது எங்கட வாய். அதை எழுதுவதிலேயும் ரிசானா, ரிஸானா, றிசானா, றிஸானா என்று நாலு விதம். தமிழ் வாத்தியார் கண்டால் நாலுக்கும் சிவப்புக் கோடு இழுப்பார், ரகரமும் றகரமும் சொல்லுக்கு முதலில் வராது என்று. எங்களைக் கேட்டால், இது தமிழர் செய்த பெயர்.

இப்ப மூதூர்ப் பிள்ளையிடம் வருவோம்.

லிங்கநகரில் இருந்து மூதூர் தூரமில்லை. கொட்டியாரக் குடாவுக்கு அந்தப் பக்கம். பாலங்கள் வருமுன் திருகோணமலை இறங்குதுறையில் லோஞ்ச் ஏறித்தான் போகவேணும். ரிசானா நஃபீக்கின் வீடு மூதூர் ஷாஃபி நகரில். வாப்பா விறகு வெட்டுகிறவர். 2004 டிசம்பரில் சுனாமி அடித்த கரை அது; அடுத்த மே மாதம் அவள் சவூதியில் இருந்தாள். பிறப்புச் சான்றிதழின்படி பிறந்தது 1988 பெப்ரவரியில். கடவுச்சீட்டின்படி 1982இல். ஆறு வருசத்தை ஒரு முகவர் பேனாவால் கூட்டியாயிற்று. பெயரை மாற்றத் தேவைப்படவில்லை. அது வசதியான பெயர்.

ரியாத்துக்கு மேற்கே தவாத்மி என்ற ஊரில் வீட்டு வேலை. போய்ச் சில கிழமைதான். 2005 மே 22இல் அவளிடம் விட்டிருந்த நாலு மாதக் கைக்குழந்தை இறந்தது. போத்தல் பால் கொடுக்கும்போது புரைக்கேறியது என்று அவள் சொன்னாள். கழுத்தை நெரித்தாள் என்று வீட்டுக்காரர் சொன்னார்கள். விசாரணையின்போது சட்டத்தரணி இல்லை. கொடுத்ததாகச் சொல்லப்பட்ட ஒப்புதல் வாக்குமூலத்தை, அது பலவந்தமாக வாங்கப்பட்டது என்று பிறகு மறுத்தாள். 2007 ஜூன் 16இல் மரண தண்டனை. மேன்முறையீட்டுக்கான சட்டச் செலவுக்குப் பணம் திரட்டியது ஹொங்கொங்கில் இருந்த ஆசிய மனித உரிமைகள் ஆணைக்குழு. 2013 ஜனவரி 9இல் வாளால் தலை வெட்டப்பட்டது. சான்றிதழ் வயதுப்படி 25கூட நிறையவில்லை. அன்றைக்கே எங்கட பாராளுமன்றம் எழும்பி நின்று ஒரு நிமிசம் மௌனம் காத்தது. மௌனம் காப்பதில் எங்கட பாராளுமன்றத்தைக் குறை சொல்ல ஏலாது.

இந்த வழக்கில் எங்களை நித்திரை கொள்ளவிடாத விசயம் மொழி. அவள் தமிழில் சொன்னதை அரபியாக்கின ஆள் முறையான மொழிபெயர்ப்பாளர் இல்லை, அவருக்குத் தமிழுக்கும் அரபிக்கும் இடையில் சரியாகப் பெயர்க்கத் தெரிந்திருக்குமா என்பதே சந்தேகம் என்று மனித உரிமை அமைப்புகள் திரும்பத் திரும்பச் சொல்லின. கேள்வி வரும்போது அந்த ஆள் நாட்டை விட்டே போயிருந்தார். ஒரு உயிர் போகுமா நிற்குமா என்பது ‘புரைக்கேறிப் போச்சு’ என்ற இரண்டு சொல்லை அரபியில் எப்படிச் சொன்னார்கள் என்பதில் தொங்கிக்கொண்டிருந்தது. புரைக்கேறுதல். தமிழ்நாட்டுக்காரரும் யாழ்ப்பாணத்தாரும் மூதூராரும் விளங்கிக்கொள்கிற சொல். தலையில் ரெண்டு தட்டுத் தட்டு, ஆரோ உன்னை நினைக்கினம் என்று பகிடி விடுகிற சொல். அது அங்கே ஆருக்கும் விளங்கவில்லை.

பெயர் அரபு. வாய் தமிழ். அந்தப் பெயர் அவளுக்கு ஒரு அரபுச் சொல்லையும் கொடுத்து உதவவில்லை. இன்னும் கேளுங்கோ: அரபுச் செய்திகளில் அவளின் பெயரை அந்த மொழியின் சொந்தச் சொல்லான ‘ரஸானா’வாக எழுதவில்லை. ‘ரீஸானா’ என்று முதல் எழுத்தை நீட்டி, தெரியாத நாட்டுக்காரியின் பெயரை எழுத்துக்கூட்டி எழுதுகிற மாதிரி எழுதினார்கள். இங்கே அந்தப் பெயரை அரபு என்கிறோம். அங்கே அது இலங்கைப் பெயர். பழிக்கு இடமில்லாத பெண்ணைச் சொல்ல ஒரு பழைய கவிஞன் எடுத்த சொல் தன் சொந்த ஊருக்குப் போய், பழி சுமந்து நின்றபோது, அதை ஒருத்தருக்கும் அடையாளம் தெரியவில்லை.

இந்த இடத்தில் இரண்டு தரப்பு ஆக்களோடும் கதைக்க இருக்கு.

ஒரு தரப்பு, பெயர் எவ்வளவுக்கு அரபுக்குக் கிட்ட இருக்கோ அவ்வளவுக்கு அது சுத்தம் என்று நினைக்கிற தரப்பு. மூத்தம்மாவின் தலைமுறையில் பாத்தும்மா, அவ்வா உம்மா, ஆசியா உம்மா என்று இருந்த பெயர்களைப் ‘பட்டிக்காட்டுப் பெயர்’ ஆக்கினது இந்தத் தரப்பு. பாத்தும்மா என்று கூப்பிடேக்க வாயில் வருகிற அந்த ‘உம்மா’ எவ்வளவு அருமையான தமிழ்ச் சேர்க்கை! அதை வெட்டி, சரியான உச்சரிப்பு என்று சொல்லி, பட்டியலில் இருக்கிற பெயரை ஒட்டுகிறார்கள். அந்தப் பட்டியலைத் தயாரித்தவருக்கு அரபும் தெரியாது என்பது தனிப் பகிடி. பெயரின் அர்த்தம் தெரிந்து வைக்க ஆசைப்படுவது நல்ல ஆசை. அப்படியென்றால் ஒரு அகராதியைத் திறவுங்கோ, பக்கத்து மத்ரஸாவில் அரபு படித்த ஒரு ஆளைக் கேளுங்கோ. இளவரசி என்று போட்டிருக்கு என்றதும் ஏன் மயங்குகிறீர்கள்?

மற்றத் தரப்பு எங்கட வீட்டுப் பக்கம். ‘அரபுப் பேர் வச்சவை தமிழரா?’ என்று கேட்கிற தரப்பு. கலைப்பீடத்துக் கன்டீனில் தேத்தண்ணியோடு இந்தக் கேள்வியை நாங்கள் பல தடவை கேட்டிருக்கிறோம். உண்மையைச் சொன்னால், முதல் வருசத்தில் எங்களில் சிலரே கேட்டும் இருக்கிறோம். இப்ப வெட்கமாக இருக்கு. அதனால் ஊர்ப்பெயரிலேயே தொடங்குவோம். லிங்கநகர். லிங்கமும் சமஸ்கிருதம், நகரும் சமஸ்கிருத நகரத்தில் இருந்து வந்தது. மூதூர்? முதுமையான ஊர், மூதூர். சங்கப் பாட்டுகளில் பழம்பெரும் நகரங்களுக்குச் சொல்கிற சொல். கலப்பில்லாத தமிழ். லிங்கநகரில் குந்திக்கொண்டு, சரஸ்வதிக்கும் லக்ஷ்மிக்கும் ஸ்டெல்லாவுக்கும் தமிழர் என்று சான்றிதழ் கொடுத்துவிட்டு, மூதூர் ரிசானாவிடம் உன்ர பேர் தமிழா என்று கேட்கிற தகுதி எங்களுக்கு எங்கேயிருந்து வந்தது? உமறுப்புலவர் சீறாப்புராணத்தில் ‘பாத்திமா திருமணப் படலம்’ என்று ஒரு படலமே பாடி 300 வருசத்துக்கு மேலாகிறது. பாத்திமா தமிழ் விருத்தத்துக்குள் வந்து குடியிருந்து இவ்வளவு காலம். இன்னும் விருந்தாளியோ?

2013 ஜனவரியில் நாங்கள் சின்னப் பிள்ளைகள். ஆனால் அந்த நாட்களில் தமிழில் எழுதப்பட்டதைப் பிறகு தேடி வாசித்திருக்கிறோம். பெரும்பகுதி ஒரே சண்டை: அந்தச் சட்டம் சரியா, பிழையா, மார்க்கம் என்ன சொல்லுது, மார்க்கத்தை ஆர் விமர்சிக்கலாம். சண்டை பிடித்தவர்களில் ஒரு பக்கத்துக்கு அவள் இஸ்லாத்தை அடிக்கக் கிடைத்த கல்லு. மற்றப் பக்கத்துக்கு எப்படியாவது விளக்கம் சொல்லிச் சமாளிக்க வேண்டிய சங்கடம். ஒரு தமிழ்ப் பிள்ளை தமிழில் சொன்னது விளங்காமல் செத்தாள் என்று எழுதினவர்கள் மிகக் குறைவு. மொழிக்காக உயிர் கொடுக்கிறதைப் பற்றி மணிக்கணக்கில் கதைக்கிற சமூகம் நாங்கள். மொழியால் ஒரு உயிர் போனபோது அதை எங்கட கணக்கில் எழுதவே இல்லை.

அரசாங்கம் எழுதினது வேறு கணக்கு. அதே 2013இல் சவூதிக்கு வீட்டு வேலைக்குப் போகிற பெண்ணின் ஆகக்குறைந்த வயசை 25 ஆக்கினார்கள். ஐந்து வயதுக்குக் குறைந்த பிள்ளை உள்ள தாய்மார் போகக்கூடாது என்று குடும்பப் பின்னணி அறிக்கை கேட்டார்கள். வயசுக்குப் பொய் எழுதினது முகவர். ஆனால் வீட்டுக் கதவைத் தட்டி விசாரிக்கப்பட்டது அந்தப் பெண்களின் குடும்பம்.

திரும்பவும் மூத்தம்மாவின் சொல்லுக்கு வருகிறோம். ‘அந்தப் பேரு வாணா.’ அது மூட நம்பிக்கை என்று எங்களில் ஒருத்தன் உடனே சொன்னான். இல்லை, அவ்வளவு லேசில்லை. எங்கட தமிழ் வீடுகளில் சண்டையில் செத்த மாமாவின் பெயரைப் பிள்ளைக்கு வைக்கிறோம், செல்லடியில் போன சித்தியின் பெயரை வைக்கிறோம். அபசகுனம் என்று ஒருத்தரும் சொல்வதில்லை. பெருமையாகச் சொல்லிக் கூப்பிடுகிறோம். அப்ப இந்தப் பெயரை மட்டும் ஏன் வைக்க ஏலாது? அவள் செத்த விதத்தாலா, இல்லை, குற்றவாளி என்று எழுதிவைத்துச் சாகடித்ததாலா? இரண்டாவது என்றால், அந்தப் பெயரைத் தொடாமல் விடுகிற ஒவ்வொரு தடவையும் தவாத்மியில் கொடுத்த தீர்ப்புக்கு நாங்களும் ஒரு கையெழுத்துப் போடுகிறோம். மூத்தம்மா அப்படி நினைத்துச் சொல்லவில்லை. அவவுக்கு அது பயம். மூதூர்ப் பிள்ளையை அவ தன் பிள்ளையாக நினைத்ததால் வந்த பயம். அவவுக்கு அது ஞாபகம் இருக்கு. இணையத்துக்கும் இல்லை, எங்கட பாடப்புத்தகங்களிலும் நாங்கள் கண்டதில்லை.

பெயர்களுக்கு அர்த்தம் அகராதியில் மட்டும் இருக்கிறதில்லை. கண்ணகி என்ற பெயருக்கு அகராதியில் என்ன போட்டிருக்கு என்று ஆர் பார்த்தார்கள்? வைகாசிப் பொங்கலுக்குக் குளுத்தி பாடுகிற கிழக்குக் கரைக்கு அது எரிந்த மதுரை, கையில் சிலம்பு, பிழையான தீர்ப்புக் கொடுத்த அரசன். அந்தப் பெயரைப் பயந்து ஒதுக்கவில்லை; கோயில் கட்டி வைத்திருக்கிறோம். ரிசானாவுக்குக் கோயில் கேட்கவில்லை, அவளின் மார்க்கத்தில் அது ஆகாது. பட்டியலில் ‘இளவரசி’ என்று இருக்கிற இடத்தில் ‘கனமானவள், மூதூர்ப் பிள்ளையின் பெயர்’ என்று இரண்டு வரி எழுதச் சொல்கிறோம். அதுக்குப் பிறகு வைக்க விரும்புகிறவர்கள் தெரிந்துகொண்டு வைக்கட்டும்.

எங்கட கதையில் நாங்கள் தோற்றுப்போனோம். ஏழாம் நாள் பிள்ளைக்கு வேறு பெயர் வைத்தாயிற்று. பெத்தவளின் விருப்பம், எங்களுக்கு அதில் கோபமில்லை. கிண்ணியாவுக்குப் போய்ச் சாப்பிட்டுவிட்டு வெளிக்கிடேக்க, ராத்தாதான் கேட்டா: “அண்டைக்கு நீங்க சொன்ன பேருக்கு நெசமாவே இளவரசி எண்டா அர்த்தம்?” இல்லை என்று சொல்லி, ரஸானாவையும் பூசணிக்காயையும் நிறை பார்க்கிறதையும் விளங்கப்படுத்தினோம். அவ ஒன்றும் சொல்லவில்லை. மடியில் கிடந்த பிள்ளையை இரண்டு கையாலும் தூக்கி, மெல்ல இரண்டு தரம் ஏத்தி இறக்கினா.

“பொறக்கக்குள்ள ரெண்டே முக்கால் கிலோ” என்றா. “இப்ப கூடியிருக்கும்.”